முகம் மறைத்த நடிகரின் பெயர் யோஷியோ சுச்சியா

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் ஜப்பானிய இயக்குநர் அகிரா குரோசாவாவின் 'ஏழு சாமுராய்' பற்றி வெளிவந்த முழுப்பக்கக் கட்டுரையை நிதானமாக இரண்டு முறை படித்தேன். மழையில் நடக்கும் இறுதிச் சண்டையைப் பற்றியும், தகாஷி ஷிமுரா மொட்டைத் தலையைத் தடவிக்கொள்ளும் பாங்கைப் பற்றியும் கட்டுரையாளர் எழுதியிருந்தவை மிகச் சிறப்பானவை. ஆனால் அந்தப் பக்கத்தின் நடுவில், எரியும் குடிசையின் முன் வெறித்துப் பார்த்து நிற்கும் ஒரு குடியானவரின் படத்தை நான்கு பத்தி அகலத்துக்குப் போட்டுவிட்டு, அதன் கீழே 'படத்தில் விவசாயியாக நடித்த துணை நடிகர்' என்று மட்டும் குறித்திருக்கிறீர்கள். கட்டுரையின் கடைசிப் பகுதியிலோ, இந்தப் படத்தில் உழைத்த பல நடிகர்கள் பின்னாளில் 'வயிற்றுப்பாட்டுக்காக' காட்ஸில்லா வகைப் படங்களில் தலைகாட்ட நேர்ந்தது என்றொரு வாக்கியம் வருகிறது. அந்தப் படக்குறிப்பில் பெயர் விடுபட்டிருக்கும் மனிதரே அந்த வாக்கியம் தவறு என்பதற்கு முதல் சாட்சி. அதனால்தான் இக்கடிதம் சற்று நீண்டுவிட்டது.

அவர் பெயர் யோஷியோ சுச்சியா. 1927ஆம் ஆண்டு மே 18 அன்று யாமனாஷி மாகாணத்தில் பிறந்தவர். 'ஏழு சாமுராய்' படத்தில் அவர் ஏற்ற பாத்திரம் ரிகிச்சி. கொள்ளையர்களுக்குப் பணிந்துபோய்விடலாம் என்று ஊர் முழுவதும் குந்தியிருந்து அழும்போது, அவர்களைக் கொன்றே தீர வேண்டும் என்று முதலில் எழுந்து கத்துகிறவன் அவன்தான். அந்த ஆத்திரம் எங்கிருந்து வருகிறது என்பதைப் படம் வெகுநேரம் சொல்வதில்லை. கல்யாணம் செய்துகொள்ளேன் என்று ஒரு சாமுராய் கேலியாகச் சொன்னதும் முகம் சுண்டி அவன் எழுந்தோடும்போது நமக்கு ஏதோ பொறி தட்டுகிறது. அவன் மனைவியைக் கொள்ளையர்கள் தூக்கிப் போயிருக்கிறார்கள் என்பது, அவர்களுடைய இருப்பிடத்துக்குத் தீ வைத்த பிறகு, அவள் வாசலில் வந்து நின்று, தன் கணவனைக் கண்டு, திரும்பி நெருப்புக்குள்ளேயே நடந்து போகும்போதுதான் தெரிகிறது. தங்கள் இணைப்பில் வந்த படம் அந்தக் கணத்துக்குரியது. மூன்றரை மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக ஓடும் அந்தப் படத்தில் குடியானவர்களின் பக்கத்து நியாயத்தைத் தனியாளாகத் தோளில் சுமப்பவரை 'துணை நடிகர்' என்று தள்ளிவிட முடியாது. 'குணச்சித்திர நடிகர்' என்றொரு நல்ல சொல் நம் மொழியில் நெடுங்காலமாகப் புழங்குகிறது. இங்கே அதுவே பொருந்தும்.

அந்தப் படப்பிடிப்புக் காலத்தில் குரோசாவா இந்த இளைஞரைத் தம் வீட்டிலேயே தங்கவைத்துக்கொண்டார். பின்னாளில் குரோசாவாவைப் பற்றிய நினைவுகளைச் சுச்சியா தனி நூலாகவே எழுதினார். அந்த அளவுக்கு அந்த வீட்டுப் பிள்ளையாக இருந்தவர், குரோசாவா படங்களில் 1965இன் 'செந்தாடி' வரை மீண்டும் மீண்டும் தோன்றியவர், வாய்ப்பில்லாமல் அரக்கப் படங்களுக்குப் போனார் என்று எழுதுவது எப்படிப் பொருந்தும்?

கட்டுரையாளர் கவனிக்கத் தவறியது டோஹோ என்ற ஜப்பானியத் திரைப்பட நிறுவனம் இயங்கிய விதம் என்று நினைக்கிறேன். 'ஏழு சாமுராய்' 1954 ஏப்ரல் 26 அன்று வெளியானது. இஷிரோ ஹோண்டாவின் முதல் 'காட்ஸில்லா' அதே ஆண்டு நவம்பர் 3 அன்று வந்தது. இரண்டும் டோஹோ தயாரிப்புகள். முதல் படத்தில் சாமுராய்களின் தலைவராக நின்ற ஷிமுரா, இரண்டாவதில் காட்ஸில்லாவைக் கொல்ல மனமில்லாத விஞ்ஞானியாக வருகிறார். காட்ஸில்லாவின் கனத்த ரப்பர் உடைக்குள் நின்று நடந்த ஹாருவோ நகாஜிமாவும் 'ஏழு சாமுராய்' படத்தில் இருக்கிறார், ஊரை வேவு பார்க்க வரும் கொள்ளையர்களில் ஒருவராக. நடிகர்கள் நிறுவனத்தோடு ஒப்பந்தத்தில் இருந்தார்கள். இந்த மாதம் வரலாற்றுப் படம், அடுத்த மாதம் நகைச்சுவை, அதற்கடுத்து விண்வெளி என்று ஒரே வளாகத்துக்குள் மாறி மாறி நடித்தார்கள். குரோசாவாவும் ஹோண்டாவும் உதவி இயக்குநர் காலத்திலிருந்தே நெருங்கிய நண்பர்கள். 1949இல் குரோசாவா எடுத்த 'தெருநாய்' படத்தில் ஹோண்டாதான் முதன்மை உதவி இயக்குநர். 1980இல் தொடங்கி ஹோண்டா தம் கடைசிக் காலம் வரை மீண்டும் குரோசாவாவின் பக்கத்தில் நின்று பணிபுரிந்தார். இவர்களுக்கு நடுவில் உயர்ந்த திண்ணை, தாழ்ந்த திண்ணை என்று ஒன்றும் இருக்கவில்லை. அந்தப் பிரிவினையை வெளியிலிருந்து பார்த்தவர்கள், அவர்களோடு நாமும், பின்னால் போட்டுக்கொண்டோம்.

இனி நான் முக்கியமாகச் சொல்ல வந்ததற்கு வருகிறேன். 1957 டிசம்பர் கடைசியில் ஹோண்டாவின் 'பூமிப் பாதுகாப்புப் படை' வெளியானது. ஆங்கிலத்தில் 'தி மிஸ்டீரியன்ஸ்' என்ற பெயரில் உலகம் சுற்றிய படம் அதுவே. முதல் ஸ்புட்னிக் விண்ணுக்குப் போய் மூன்று மாதம்கூட ஆகாத நேரம். அணுப் போரில் தங்கள் கோளையே அழித்துக்கொண்ட வேற்றுக்கோளினர் ஜப்பானில் வந்து இறங்கி, மூன்று கிலோமீட்டர் ஆரமுள்ள வட்ட நிலமும், பூமிப் பெண்களை மணந்துகொள்ளும் உரிமையும் கேட்கிறார்கள். இந்தப் படத்தில் முகம் தெரியும் மனிதப் பாத்திரம் ஒன்றைத் தமக்குத் தர முன்வந்தபோது, தலையை முழுவதும் மூடும் கவசமும் கண்ணாடியும் அணிந்த வேற்றுக்கோள் தலைவன் வேடத்தைத்தான் தாம் விரும்பிக் கேட்டு வாங்கிக்கொண்டதாகச் சுச்சியா பேட்டிகளில் கூறியிருக்கிறார். உங்கள் முகமே திரையில் தெரியாதே என்று எதிரில் இருந்தவர்கள் தயங்கியிருக்கிறார்கள். அவருக்கோ அதுதான் சுவையாக இருந்திருக்கிறது. மூன்று ஆண்டுகளுக்கு முன் ஜப்பான் முழுவதும் அறிந்துகொண்ட ஒரு முகத்தை அதற்குரியவரே மூடிவைக்கிறார். வயிற்றுப்பாட்டுக்கு நடிப்பவர் முகம் தெரியும் பாத்திரத்தைத்தானே கேட்பார்?

படத்தைப் பார்த்தவர்களுக்கு விளைவும் தெரியும். குரல்கூட இயந்திரத்தின் வழியாக மாற்றப்பட்டுவிட்டதால் அவருக்கு மிஞ்சியவை தோள், கழுத்து, கை ஆகியவை மட்டுமே. அவற்றைக் கொண்டே அந்தத் தலைவன் மரியாதையானவனாகவும் சற்றே களைத்தவனாகவும் தெரிகிறான். கேட்பது அநியாயம் என்றாலும் அதை ஒரு பண்ணையார் குத்தகைப் பாக்கி கேட்பதைப் போல அமைதியாகக் கேட்கிறான். 'நோ' எனப்படும் ஜப்பானிய முகமூடி நாடக மரபில் முகமூடியைச் சற்றே தாழ்த்தினால் துக்கம், சற்றே உயர்த்தினால் மகிழ்ச்சி என்று பார்வையாளர் உணர்ந்துகொள்வார்கள் என்பார்கள். அந்தப் பாடத்தை இவர் பிளாஸ்டிக் கவசத்துக்குள் நின்று செய்து காட்டினார் என்று எனக்குத் தோன்றுகிறது. இதை அவர் சொன்னதாக எடுத்துக்கொள்ள வேண்டாம், என் ஊகம்தான்.

இவ்விடத்தில் இன்னொன்றையும் சொல்ல விரும்புகிறேன். ரிகிச்சி மனைவியைப் பறிகொடுத்தவன். 1961இல் வந்த 'யோஜிம்போ'வில் சுச்சியா ஏற்ற கோஹெய் என்பவனும் சூதாட்டத்தில் தோற்று மனைவியை இழந்தவன். அவளைத் தூரத்திலிருந்து பார்ப்பதற்காகவே பக்கத்துக் குடிசையில் பையனோடு கிடப்பவன். அந்த இரண்டுக்கும் நடுவில், அதே மனிதர் வேறொரு கோளிலிருந்து வந்து மற்றவர்களுடைய பெண்களைக் கேட்கிறார். குரோசாவா படத்தில் கொள்ளை கொடுத்தவர் ஹோண்டா படத்தில் கொள்ளை கொள்ள வருகிறார். இது தற்செயலாகவே இருக்கலாம். ஆனால் மூன்றையும் அடுத்தடுத்துப் பார்த்தவர்கள், இழப்பையும் ஆசையையும் ஒரே உடம்பு எப்படி இரண்டு திசையில் தாங்குகிறது என்று வியக்காமல் இருக்க முடியாது.

அவருடைய திரை வாழ்வில் ஒரே ஒரு படத்தை மட்டும் பார்க்க முடியும் என்று ஒருவர் கேட்டால், நான் 'ஏழு சாமுராய்' என்று சொல்ல மாட்டேன்; அதை அவர் எப்படியும் பார்த்துவிடுவார். 1960 டிசம்பரில் ஹோண்டா எடுத்து வெளியான 'வாயு மனிதன்' என்ற படத்தையே சொல்வேன். அதில் சுச்சியா தலைப்புப் பாத்திரம். மிசுனோ என்ற நூலக ஊழியன், விமானியாக ஆசைப்பட்டு நிராகரிக்கப்பட்டவன், ஒரு விஞ்ஞானியின் ஆசைவார்த்தையை நம்பிச் சோதனைக்கு உடன்பட்டு, நினைத்தபோது வாயுவாகக் கரையும் உடம்பைப் பெறுகிறான். அந்த வரத்தைக் கொண்டு அவன் செய்வது வங்கிக் கொள்ளை. எதற்காக என்றால், நலிந்துபோன ஒரு மரபு நடனக் குடும்பத்தைச் சேர்ந்த ஃபுஜிச்சியோ என்ற கலைஞர் மீண்டும் மேடையேற வேண்டும் என்பதற்காக. அந்த வேடத்தில் காவோரு யாச்சிகுசா நடித்தார். திருடிய பணத்தில் அரங்கு வாடகை, பக்கவாத்தியம், உடை எல்லாம் ஏற்பாடாகின்றன.

இந்தக் கதையைப் பத்து பேர் பத்து விதமாகக் கெடுத்திருக்க முடியும். சிறப்புக் காட்சி இயக்குநர் சுபுராயாவின் தந்திரக் காட்சிகள் அந்தக் காலத்துக்கு அசாத்தியமானவை: கோட்டு, கால்சட்டை எல்லாம் காற்றுப் போன பலூன் போல மெல்லச் சரிய, கழுத்துப்பட்டியின் வழியாக நீலப் புகை கிளம்பும். ஆனால் அந்த உடை சரிவதற்கு ஒரு நொடி முன்னால் அதற்குள் ஒரு மனிதன் இருந்தான் என்று நாம் நம்பினால்தான் அந்தப் புகைக்கு மதிப்பு. சுச்சியா மிசுனோவைப் பைத்தியக்காரனாக ஆடவில்லை. சுத்தமாகத் தலை வாரி, டை கட்டி, வங்கி மேலாளரிடம் கடன் விண்ணப்பம் கொடுக்க வந்தவனைப் போல அடக்கமாகப் பேசுகிறான். கொலை செய்த பிறகும் குரல் உயர்வதில்லை. தன் கதையைச் சொல்ல அவன் தேடிப் போகும் இடம் ஒரு பத்திரிகை அலுவலகம். ஆசிரியர் அவர்கள் இந்தக் காட்சியைத் தவறாமல் பார்க்க வேண்டும். நிருபர்கள் நடுவே உட்கார்ந்து அவன் விவரிக்கும் தொனியில், தன்னை ஒருவரும் ஒரு பொருட்டாக எண்ணாத நாட்களின் கசப்பு எவ்வளவு மெலிதாக ஒலிக்கிறது என்று கவனியுங்கள். நடிப்பின் அளவு தெரிந்த கலைஞருக்கே அது வாய்க்கும்.

முடிவில், அரங்கத்தை வெடிவாயுவால் நிரப்பி அவனைக் கொல்லக் காவல் துறை திட்டமிடுகிறது. மின்கம்பி அறுக்கப்பட்டிருப்பதால் வெடி வெடிப்பதில்லை. காலியான அரங்கில் அவன் ஒருவனுக்காக அவள் ஆடி முடிக்கிறாள். நாட்டியம் முடிந்ததும் ஓடிவரும் அவனை அணைத்துக்கொண்டு, அவளே தன் கையிலிருக்கும் லைட்டரை ஏற்றுகிறாள். நெருப்பின் முன் மனைவி திரும்பிப் போவதைப் பார்த்து நின்ற ரிகிச்சியின் முகம் எனக்கு அங்கே நினைவுக்கு வந்தது. ஆறு ஆண்டுகளுக்குப் பிறகு இம்முறை அவரும் தீக்குள் இருக்கிறார்.

'வாயு மனிதன்' அளவுக்கு ஆழம் எல்லாப் படத்திலும் இருந்தது என்று நான் வாதாட வரவில்லை. 1955இன் இரண்டாவது காட்ஸில்லா படத்தில் விமானப்படை வீரர், 1958இன் 'வாரான்' படத்தில் இராணுவ அதிகாரி, அதே ஆண்டில் மனிதர்களைக் கரைக்கும் திரவத்தைப் பற்றிய படத்தில் துப்பறிவாளர் என்று வந்தவை எல்லாம் எவரும் செய்யக்கூடிய வேலைகள். அவரும் செய்தார், அவ்வளவே. 1959இன் விண்வெளிப் போர் படமும் கதை அளவில் மெலிந்ததுதான். அதிலும், எதிரிகளின் கட்டுப்பாட்டுக்கு அடிமையாகித் தன் கப்பலையே அழிக்க முனைந்து, தெளிந்த பின் அந்த வெட்கத்தோடு நிலவில் தனியே பின்தங்கி உயிர் கொடுக்கும் விண்வெளி வீரராக அவர் வரும் பகுதி மட்டும் மனதில் நிற்கிறது.

1963, 1965 ஆகிய இரண்டு ஆண்டுகளைக் கட்டுரையாளரின் பார்வைக்கு வைக்கிறேன். 1963 மார்ச்சில் குரோசாவாவின் 'சொர்க்கமும் நரகமும்' வந்தது. கடத்தல்காரனைத் தேடும் காவலர்களில் ஒருவர் சுச்சியா. ஆகஸ்டில் ஹோண்டாவின் 'மாதாங்கோ'. பாய்மரப் படகில் உல்லாசப் பயணம் போன ஏழு பேர், காளான் மண்டிய ஆளில்லாத் தீவில் ஒதுங்குகிறார்கள். காளானைத் தின்றவர் காளானாகிவிடுவார். படகின் சொந்தக்காரரான பணக்கார கசாய் வேடம் சுச்சியாவுக்கு. பட்டினி முற்றியபோது, மாலுமி கண்டெடுத்த ஆமை முட்டைகளைக் கசாய் பணம் கொடுத்து வாங்குகிறார். செலவழிக்கக் கடையே இல்லாத தீவில் நோட்டுகள் கைமாறும் அந்தக் காட்சி, வளர்ச்சியின் மயக்கத்தில் இருந்த அன்றைய ஜப்பானைப் பற்றி எழுதப்பட்ட பல கட்டுரைகளைவிடக் கூர்மையானது. பணம் தரும்போது கசாய் முகத்தில் வெட்கத்தைவிட நிம்மதியே அதிகம். அதைக் காட்டத் துணிந்தது நடிகரின் தேர்வு.

1965 ஏப்ரலில் 'செந்தாடி'. ஏழைகளுக்கான மருத்துவமனையில், புதிதாக வந்த அகங்கார இளைஞருக்கு அருகில் நிதானமாக நிற்கும் மருத்துவர் மோரி ஹந்தாயு அவர். அதே டிசம்பரில், ஆறாவது காட்ஸில்லா படத்தில் எக்ஸ் கோளின் ஆட்சித் தலைவர். உடலை இறுக்கிய சாம்பல் நிற உடை, கண்களை மறைக்கும் கறுப்புக் கண்ணாடிப் பட்டை. தன் இனத்தாரிடம் பேசும்போது அவர் வாயிலிருந்து வரும் விநோத மொழி அவரே புனைந்தது என்பார்கள். கையசைவுகளோ ஒரு மின்பொறியாளரும் ஒரு பூசாரியும் கலந்தவை. கணினி சொன்னபடியே வாழும் அந்தச் சமூகம் தோற்று அழியும் வேளையில், இன்னும் காணாத எதிர்காலத்துக்குத் தப்பிச் செல்கிறோம் என்று அறிவித்துவிட்டு மாய்கிறார். எழுத்தில் படித்தால் சிரிப்பு வரும் வசனம். அவர் சொல்லக் கேட்டால் அந்தச் சிரிப்பு பாதியில் நின்றுவிடும்.

பிறகு 1967இல் 'காட்ஸில்லாவின் மகன்' படத்தில் ஊர் ஏக்கம் தாளாமல் துப்பாக்கியைத் தூக்கும் ஆய்வாளர், 1968இல் வேற்றுக்கோளினரின் பிடியிலிருந்து ஜன்னல் வழியே குதித்துச் சாகும் விஞ்ஞானி, 1970இல் தீவுக்குச் செல்லும் உயிரியலாளர். அதன் பின் நிறுவனங்களின் ஒப்பந்த முறையும் தேய்ந்தது, அவ்வகைப் படங்களும் தேய்ந்தன.

இத்தோடு முடித்திருப்பேன், 1991 இல்லாவிட்டால். அந்த ஆண்டு டிசம்பரில் கசுகி ஓமோரியின் 'காட்ஸில்லாவும் கிங் கிடோராவும்' படத்தில் அறுபத்து நான்கு வயதுச் சுச்சியா, ஷிந்தோ என்ற பெருந்தொழிலதிபராகத் திரும்பி வந்தார். 1944இல் பசிபிக் தீவு ஒன்றில் அமெரிக்கப் படையிடமிருந்து ஷிந்தோவின் படைப்பிரிவைக் காப்பாற்றியது ஒரு டைனோசர். அணுகுண்டுச் சோதனை அதைக் காட்ஸில்லாவாக மாற்றிவிட்டது. இப்போது அது டோக்கியோவுக்குள் நுழைகிறது. எல்லாரும் வெளியேறிவிட்ட கோபுரத்தில் கிழவர் மட்டும் கண்ணாடிச் சுவரின் முன் நிற்கிறார். இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கிறார்கள். அவர் கண் கலங்கி மெல்லத் தலையசைக்கிறார். அந்தப் பிராணி ஒரு கணம் தயங்குகிறது. பின்பு தன் கதிரை உமிழ்ந்து அவரையும் கட்டடத்தையும் அழிக்கிறது. அவர் எதிரில் இருந்ததென்னவோ ஓர் உடையும் ஒரு சிறு மாதிரிக் கட்டடமும்தான். இரண்டும் தனித்தனியே படமாக்கப்பட்டிருக்கும். அந்தத் தயக்கத்தைக் காட்ஸில்லாவுக்குக் கொடுத்தது அவருடைய கண்கள். இந்தக் காட்சியை ரப்பர் பொம்மைப் படம் என்று சொல்லிக் கடந்துபோக என்னால் இயலவில்லை.

யோஷியோ சுச்சியா 2017 பிப்ரவரி 8 அன்று நுரையீரல் புற்றுநோயால் தமது 89ஆவது வயதில் காலமானார். செய்தி வெளியுலகுக்குத் தெரிந்தது செப்டம்பரில். இடையே ஆகஸ்டில் நகாஜிமாவும் மறைந்துவிட்டார். ஆகவே காட்ஸில்லாவுக்கு உலகம் அஞ்சலி செலுத்திக்கொண்டிருந்தபோது, அந்தக் காட்ஸில்லாவைக் கண்ணுக்குக் கண் பார்த்து நின்றவர் போய் ஆறு மாதம் ஆகியிருந்தது.

தங்களிடம் இரண்டு வேண்டுகோள்கள். அடுத்த ஞாயிறு இணைப்பில் திருத்தப் பகுதியில் ஒரு வரி ஒதுக்கி, அந்தப் படத்தில் இருப்பவர் யோஷியோ சுச்சியா என்றும், பாத்திரம் ரிகிச்சி என்றும் அச்சிடுங்கள். மேலும், கட்டுரையின் அடியில் அறிவித்திருந்த திரைப்படச் சங்கத்தின் ஜப்பானியப் பட வாரத்தில் நான்கு நாளும் குரோசாவாவே இருப்பதால், அமைப்பாளர்களுக்கு இக்கடிதத்தைக் காட்ட இயலுமானால், ஒரு மாலையை 'வாயு மனிதன்' படத்துக்கு விட்டுக்கொடுக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். 'யோஜிம்போ' திரையிடும் அன்றே அதை அடுத்துப் போட்டால் இன்னும் நல்லது.

இப்படிக்கு,
நீண்ட நாள் வாசகர் ஒருவர்,
மதுரை.